ஔவைக்கு இளமையைத் திருப்பித் தந்தவர்: இன்குலாபின் நாடக வாழ்வு

தோற்றுவாய்

கொருக்குப்பேட்டையில் நம் இலக்கிய வட்டம் கூடும் மாடியறைக்கென்று ஓர் இலக்கணம் உண்டு. சரக்கு ரயில் கடக்கும்பொழுது கவிஞர் கவிதையை நிறுத்திவிட வேண்டும்; கடைசிப் பெட்டி போன பின்னர், நிறுத்திய அடியிலிருந்து மீண்டும் தொடங்க வேண்டும். பத்தாண்டுகளாக இவ்வழக்கம் மாறவில்லை. துறைமுகத்திலும் எண்ணூர்ப் பக்கத்து ஆலைகளிலும் வேலை முடித்து வந்தவர்கள், குளித்துவிட்டுத் தலையில் ஈரம் காயாமல் வந்து அமர்ந்து கவிதை கேட்ட மாலைகள் பல. அம்மாலைகளின் நினைவாக வெளிவரும் இம்மலருக்குக் கட்டுரை கேட்டபொழுது, எதை எழுதுவது என்னும் ஐயம் எனக்கு எழவில்லை. நெடுநாளாக மனத்தில் கிடந்த ஒரு கேள்விக்கு விடை எழுத வேண்டும் என்று தோன்றியது.

அக்கேள்வியை என்னிடம் கேட்டவள் ஒரு மாணவி. பல ஆண்டுகளுக்கு முன்னர், நான் ஆசிரியப் பணியில் புதிதாகச் சேர்ந்திருந்த காலம். புறநானூற்றில் அதியமான் நெடுமான் அஞ்சி இறந்தபின் ஔவையார் பாடிய கையறுநிலைப் பாடலை நடத்திக்கொண்டிருந்தேன். சிறிதளவு கள் கிடைத்தால் அதனை எங்களுக்கே தந்துவிடுவான். மிகுதியாகக் கிடைத்தால் நாங்கள் உண்டு பாட, எஞ்சியதைத் தான் மகிழ்ந்து உண்பான் என்று ஔவையார் அரற்றும் பாடல் அது. பின் வரிசையிலிருந்து ஒரு பெண் எழுந்தாள். "ஏன் மேடம், ஔவைப் பாட்டியா கள்ளு குடிச்சாங்க?" என்றாள். வகுப்பு சிரித்தது. நானும் சிரித்துவிட்டு, அக்காலத்தில் கள் உண்பது இழிவன்று என்று சுருக்கமாகச் சொல்லி அடுத்த பாடலுக்குச் சென்றுவிட்டேன். அன்று மாலை ஆசிரியர் அறையில் மூத்தவர் ஒருவர், பெண்பிள்ளைகள் வகுப்பில் அத்தகைய இடங்களைத் தொடாமல் கடந்துவிடுவதே நல்லது என்று அறிவுரை கூறினார். அதற்கும் தலையசைத்துவிட்டு வந்தேன்.

சிரித்ததும் தலையசைத்ததும் பின்னர் என்னை உறுத்தின. அம்மாணவி கள்ளைப் பற்றிக் கேட்கவில்லை. பாட்டி எவ்வாறு ஓர் அரசனின் அவையில் அமர்ந்து கள்ளுண்டு பாடியிருக்க முடியும் என்றுதான் கேட்டாள். அவள் அறிந்த ஔவையையும் பாடல் காட்டிய ஔவையையும் இணைக்க அவளால் இயலவில்லை. இக்கேள்வியை எனக்கு முன்னரே கேட்டு, அதற்கு விடையாக ஒரு நாடகத்தையே எழுதியவர் ஒருவர் உண்டு. அவர் கவிஞர் இன்குலாப். அவரைக் கவிஞராக நம் வட்டம் நன்கறியும். நாடக ஆசிரியராக அவர் நடந்த வழியை எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கீழக்கரையிலிருந்து சென்னைக்கு

இன்குலாபின் இயற்பெயர் சாகுல் அமீது. 1944இல் இராமநாதபுரம் மாவட்டத்துக் கீழக்கரையில் பிறந்தார். வள்ளல் சீதக்காதியின் பெயரோடு இணைத்துச் சொல்லப்படும் கடற்கரை ஊர் அது. சிவகங்கை மன்னர் கல்லூரியில் பயின்றபொழுது கவிஞர் மீராவின் தொடர்பு வாய்த்தது. பின்னர் மதுரை தியாகராசர் கல்லூரியில் தமிழ் பயின்றார். 1965ஆம் ஆண்டின் இந்தி எதிர்ப்புப் போராட்டம் அக்காலத்து மதுரை மாணவர்களைத் தெருவுக்கு அழைத்தது, இன்குலாபும் அதில் முன்னின்றார், சிறையும் கண்டார். தமிழ்மொழி அவருக்குப் பாடநூலாக அறிமுகமாகும் முன்னரே, உடல் வருந்திக் காக்க வேண்டிய ஒன்றாக அறிமுகமாயிற்று எனலாம்.

பின்னர்ச் சென்னைப் புதுக் கல்லூரியில் தமிழ் ஆசிரியராகப் பணியேற்றார். திராவிட இயக்கத்தின் பற்றாளராகத் தொடங்கிய அவரது சிந்தனையை 1968 டிசம்பர் 25ஆம் நாள் நிகழ்ந்த கீழ்வெண்மணிக் கொடுமை வேறு திசையில் செலுத்தியது. கூலி உயர்வு கேட்ட உழவுத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் ஒரு குடிசைக்குள் எரிந்து மாண்ட நிகழ்ச்சி அது. மொழியுரிமைக்காகப் போராடிய இளைஞர், அம்மொழியைப் பேசும் எளியவர்க்கு உயிருரிமையும் இல்லை என்பதை உணர்ந்தார். மார்க்சிய வழிக்கு வந்தார். 'புரட்சி' என்று பொருள்படும் சொல்லையே தம் பெயராக ஏற்றார்.

அவர் கவிதைகளைப் பற்றி இங்கு விரித்துரைக்க வேண்டுவதில்லை. 'மனுசங்கடா' என்னும் பாடல் ஒன்றைச் சுட்டினாலே போதும். நாட்டுப்புறக் கலைஞரும் நாடக ஆசிரியருமாகிய கே. ஏ. குணசேகரன் அதற்குக் குரல் கொடுத்து ஊர் ஊராகக் கொண்டுசென்றார். எழுதியவர் பெயர் அறியாதவர்களும் அப்பாடலை அறிந்திருந்தனர். இன்குலாப் மறைந்த பின்னர் வெளிவந்த ஒரு திரைப்படம் அப்பாடலின் பெயரையே தன் பெயராகக் கொண்டது. பெருங்கோயிலைப் புகழ்வோர் நடுவில், அதனைக் கட்டியவர்களின் பக்கம் நின்று இராசராசனைக் கேள்வி கேட்ட அவரது கவிதையோ கடும் எதிர்ப்பைச் சந்தித்தது. வகுப்பறையில் சங்க இலக்கியம் நடத்திய ஒருவர், தமிழர் பெருமை எனப்படுவதைக் கைகட்டி ஏற்க மறுத்தார் என்பதே அவர் எதிர்கொண்ட எதிர்ப்புக்கெல்லாம் அடிப்படையாகும்.

கவிதை போதாமற்போன இடம்

இத்தகைய கவிஞர் நாடகத்துக்கு ஏன் வந்தார்? குரல்கள், துடி, மீட்சி, ஔவை, மணிமேகலை, குறிஞ்சிப் பாட்டு என்று அவர் நாடகப் படைப்புகளின் பெயர்களை அடுக்கிப் பார்த்தாலே ஒருவகையில் விடை கிடைக்கிறது. குரல் என்பது ஒலிக்க வேண்டிய ஒன்று. துடி என்பது தோற்கருவி. துடியன், பாணன், பறையன், கடம்பன் ஆகிய நால்வரையே குடிகள் எனக் கூறும் புறநானூற்றுப் பாடலை அவர் மாணவர்க்கு நடத்தியிருப்பார். பாடலில் அந்நால்வரும் பெயர்களாக மட்டும் நிற்கின்றனர். அவர்கள் பேசுவதில்லை, அவர்களைப் பற்றி மற்றொருவர் பேசுகிறார். மேடையிலோ துடியன் வந்து நின்றால் அவனே பேசியாக வேண்டும்.

கவிதையில் கவிஞனின் குரல் ஒன்றே. எத்துணைப் பரிவோடு எழுதினாலும் ஒடுக்கப்பட்டவருக்காகப் பேசுபவன் கவிஞனே ஆவான். நாடகம் அவ்வுரிமையைக் கவிஞனிடமிருந்து பறித்துக் கதைமாந்தரிடம் கொடுத்துவிடுகிறது. தலைவிக்கும் தோழிக்கும் பாங்கனுக்கும் தனித்தனியே கூற்று வகுத்துக் கொடுத்த அகத்திணை மரபு இதனை நெடுங்காலத்துக்கு முன்பே உணர்ந்திருந்தது. ஆயினும் நாமோ அக்கூற்றுகளை ஏட்டில் மட்டுமே படித்துப் பழகிவிட்டோம். முத்தமிழில் நாடகத்தமிழைப் பெயரளவில் வைத்துக்கொண்டு இயற்றமிழை மட்டும் கல்லூரிக்குள் விட்டோம். இன்குலாப் என்னும் தமிழாசிரியர், கல்லூரிக்குள் இருந்த இயற்றமிழை மீண்டும் நாடகத்தமிழாக்கி வெளியே அழைத்துவந்தார். அவர் நாடக வாழ்வின் பொருள் இதுவே என்று நான் கருதுகிறேன்.

ஔவை மூத்த வரலாறு

ஔவை நாடகத்தின் அருமையை அறிய, ஔவையார் பாட்டியாக ஆன வரலாற்றை முதலில் அறிதல் வேண்டும்.

ஔவையார் என்னும் பெயரில் ஒருவருக்கு மேற்பட்டோர் இருந்தனர் என்பது ஆய்வாளர் கண்ட முடிபு. அதியமானைப் பாடிய சங்கப் புலவர் ஒருவர்; ஆத்திசூடியும் கொன்றைவேந்தனும் பாடிய பிற்கால ஔவையார் வேறொருவர். ஆயினும் மக்கள் நினைவு இவர்கள் அனைவரையும் ஒருவராக்கிற்று. அவ்வொருவரையும் மூதாட்டியாக்கிற்று. இளம்பெண்ணாக இருந்த ஔவை, திருமணத்தைத் தவிர்க்கும் பொருட்டுப் பிள்ளையாரை வேண்டி முதுமையை வரமாகப் பெற்றார் என்னும் கதையை நாமெல்லாம் கேட்டிருக்கிறோம். பக்திக் கதையாகவே அதனைக் கேட்டோம். ஒரு பெண் ஊர் ஊராகச் சென்று பாட வேண்டுமானால், அரசனுக்கு அறிவுரை கூற வேண்டுமானால், அதற்கு விலையாகத் தன் இளமையைக் கொடுத்துவிட வேண்டும் என்று அக்கதை கூறுவதை நாம் கேட்கவில்லை.

இருபதாம் நூற்றாண்டு இவ்வுருவத்தை மேலும் உறுதிப்படுத்தியது. 1940களில் டி.கே.எஸ். சகோதரர்கள் ஔவையார் நாடகத்தை மேடையேற்றினர். ஔவையாராக நடித்துப் பெரும்புகழ் பெற்றவர் டி. கே. சண்முகம். 'ஔவை சண்முகம்' என்று பட்டப்பெயரே அமைந்தது. சென்னையில் அவர் பெயரால் சாலையும் உண்டு. அவர் நடிப்பின் உயர்வை நான் குறைத்துரைக்கவில்லை. தமிழின் முதன்மைப் பெண்பாற் புலவரைத் தமிழ் மேடை ஓர் ஆடவரின் உடலில் கண்டு நிறைவடைந்தது என்பதையே சுட்டுகிறேன். 1953இல் எஸ். எஸ். வாசனின் ஜெமினி நிறுவனம் எடுத்த ஔவையார் திரைப்படத்தில் கே. பி. சுந்தராம்பாள் அப்பாத்திரத்தை ஏற்றார். இம்முறை ஒரு பெண்ணே நடித்தார். எனினும் உருவம் மூதாட்டியின் உருவமே. 1968ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் சென்னையில் நடந்த இரண்டாம் உலகத் தமிழ் மாநாட்டையொட்டி மெரினாக் கடற்கரையில் சிலைகள் நிறுவப்பட்டன. அங்கும் ஔவையார் முதுமைக் கோலத்திலேயே நிற்கிறார். மேடை, திரை, கல் ஆகிய மூன்றும் ஒரே சொல்லைச் சொல்லின: பாட்டி.

என் மாணவியின் வியப்பு இவ்வரலாற்றிலிருந்து பிறந்தது.

புறநானூறு காட்டும் ஔவை

சங்க இலக்கியத்தில் ஔவையார் பாடியனவாக 59 பாடல்கள் உள்ளன. புறநானூற்றில் 33, குறுந்தொகையில் 15, நற்றிணையில் 7, அகநானூற்றில் 4. சங்கப் பெண்பாற் புலவருள் இத்துணைப் பாடல்கள் பாடியவர் வேறெவரும் இலர்.

இப்பாடல்களில் பாட்டியைத் தேடினால் கிடைக்கமாட்டார். புறநானூற்று 89ஆம் பாடலில், பகையரசன் பேசும் சொற்களை ஔவையார் எடுத்துரைக்கிறார். உன் நாட்டில் எம்மொடு பொருவாரும் உளரோ என்று வினவும் அவ்வரசன், தன்முன் நிற்பவரை அணியணிந்த இடையும் மையுண்ட கண்ணும் ஒளிபொருந்திய நெற்றியும் உடைய விறலி என்று விளிக்கிறான். இவ்விளி ஔவையாரையே குறிக்கும் என்று கொண்டு, அவர் பாணர் குடியினர் என்பர் ஒரு சாரார், மறுப்பாரும் உளர். எவ்வாறாயினும், அரசனுக்கு அஞ்சாது விடை கூறும் பெண் ஒருத்தியை இளமையோடு அப்பாடல் நம்முன் நிறுத்துகிறது என்பதில் ஐயமில்லை.

103ஆம் பாடலில், ஒருபுறம் பதலையும் மறுபுறம் சிறு முழவும் தொங்க, ஆளற்ற சுரத்தில் தன் வெறுங்கலத்தை நிரப்புவார் யாரென்று நிற்கும் விறலி வருகிறாள். 206ஆம் பாடலில், பரிசில் நீட்டித்தபொழுது வாயில் காவலனை அழைத்து, எம் கருவிகளைக் கட்டிக்கொண்டோம், எத்திசை சென்றாலும் அத்திசையில் எமக்குச் சோறு உண்டு என்று கூறிப் புறப்படும் செருக்கு ஒலிக்கிறது. 392ஆம் பாடலில் அதியமான் மகன் பொகுட்டெழினி, பாசியின் வேர்போல் நைந்த ஆடையைக் களைவித்துப் புத்தாடை உடுத்தும் காட்சி உள்ளது. குறுந்தொகை 28ஆம் பாடலிலோ, தன் காம நோயை அறியாது உறங்கும் ஊரை முட்டுவேனோ, தாக்குவேனோ, கூவுவேனோ என்று ஒரு பெண் கொதிக்கிறாள்.

பசி, கந்தலாடை, நெடுவழி, கூலி நீட்டிக்கும் தலைவன்முன் தன்மானம், காமம், கள், நட்பு, இழப்பு. இவையே சங்க ஔவையின் உலகம். சுருங்கக் கூறின் அவர் உழைத்து உண்ட கலைஞர். நம் பகுதியில் விடியற்காலையில் சோற்றுப் பாத்திரத்தோடு பேருந்து நிறுத்தத்தில் நிற்கும் பெண்களுக்கு, கடற்கரைச் சிலையைவிட இந்த ஔவை நெருங்கிய உறவினர்.

நாடகத்தில் நிகழ்ந்தது

இன்குலாபின் ஔவை நாடகம் 1990களின் இறுதியில் அ. மங்கையின் நெறியாள்கையில் மேடையேறியது. பெண்களின் வாழ்வையும் குரலையும் மேடைக்குக் கொண்டுவருவதைத் தம் பணியாகக் கொண்டவர் மங்கை. பாணர் கூட்டத்தோடு வழிநடந்த, இளமையும் துடிப்பும் நிறைந்த பாடினியாக ஔவையை அந்நாடகம் காட்டியது. நான் அதனை முதலில் நூலாகவே படித்தேன். படித்து முடித்தபொழுது, வகுப்பறையில் நான் சொல்லாமல் விட்ட விடை கைக்குக் கிடைத்தது போல் இருந்தது.

இந்நாடகம் செய்த செயலை மூன்றாகப் பகுத்துக் காணலாம். முதலாவது, ஔவைக்கு வயதைத் திருப்பித் தந்தது. அறிவுரை கூறத் தகுதி முதுமையே என்னும் நம்பிக்கையை அது உடைத்தது. இரண்டாவது, தொழிலைத் திருப்பித் தந்தது. விறலி என்பவள் விறல்பட, அதாவது உள்ளத்து உணர்வு மெய்யில் தோன்ற ஆடுபவள். கூத்தர், பாணர், பொருநரோடு விறலியையும் சேர்த்தே தொல்காப்பியம் ஆற்றுப்படைக்கு உரியோரை வகுக்கிறது. எனவே ஔவை மேடையேறியதைப் புதுமை என்பதினும், தன் பழைய இடத்துக்குத் திரும்பியது என்பதே பொருந்தும். மூன்றாவது, கூட்டத்தைத் திருப்பித் தந்தது. பாட்டியாகிய ஔவை தனியே நடப்பவர், கோலே துணை. பாடினியாகிய ஔவை தன் இனத்தாரோடு நடப்பவர். அவர் பசி ஒருவரின் பசியன்று.

மேடையில் பெண்ணுடலுக்கு உள்ள பொருளை நம் பகுதியினர் எளிதில் உணர்வர். என் சிறுவயதில் எங்கள் தெருவில் ஆடித் திருவிழாவின்போது கூத்து நடக்கும். திரௌபதியாக வேடங்கட்டுபவர் ஓர் ஆடவர். விடியுமளவும் அவரைப் பார்த்து அழும் பெண்களுள் ஒருத்திக்கும் அவ்வாடுகளத்துள் இடமில்லை. கூத்து மரபின் குறையாக மட்டும் இதனைக் கூறவில்லை; சபா நாடகத்திலும் நெடுங்காலம் அதுவே நிலை. விறலியர் ஆடிய மண்ணில் பெண் ஆடுவது குற்றமாக ஆனது எவ்வாறு என்னும் கேள்வியை, பெண்களே நடித்த ஔவை நாடகம் ஒரு வசனமும் இன்றி எழுப்பிவிடுகிறது.

ஆய்வாளர் என்னும் முறையில் ஒன்றைக் கூறாமல் விடுதல் நேர்மையாகாது. புறநானூற்று ஔவை போரை வெறுத்தவர் என்று மட்டும் கொள்ள முடியாது. அதியமானின் வீரத்தைப் பகைவர் நடுங்கும்படி பாடியவரும் அவரே. தொண்டைமானின் படைக்கலக் கொட்டிலில் பீலி சூட்டி நெய் பூசி வைத்திருந்த வேல்களைக் கண்டு, எம் தலைவனின் வேல்கள் பகைவரைக் குத்தி நுனி முரிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன என்று அவர் கூறிய 95ஆம் பாடல், தூதாகவும் உள்ளது; செருக்காகவும் உள்ளது. இன்றைய அமைதி வேட்கையை மட்டும் ஔவையின்மேல் ஏற்றுவோமாயின், முதுமையை ஏற்றியவர்களுக்கும் நமக்கும் வேறுபாடு குறைந்துவிடும். நாடகத்தைப் படிப்பவர் பாடல்களையும் உடன்வைத்துப் படித்தல் வேண்டும். நல்ல நாடகம் மூலநூலிடம் நம்மைத் திருப்பி அனுப்பும். என்னை இந்நாடகம் அவ்வாறே அனுப்பியது.

ஸ்காட்லாந்தில் ஓர் இணை

கவிஞர் ஒருவர் நாடகத்துக்கு வந்து, வரலாறு கல்லாக்கிய ஒரு பெண்ணுக்கு உயிர் கொடுத்த செயல் தமிழுக்கு மட்டும் உரியதன்று. ஸ்காட்லாந்தில் லிஸ் லாக்ஹெட் என்னும் கவிஞர் உள்ளார். எஃகு ஆலைகளால் பெயர்பெற்ற மதர்வெல் என்னும் தொழில் நகரத்தில் 1947இல் பிறந்தவர். 1972இல் முதற் கவிதைத் தொகுப்பை வெளியிட்டவர், பின்னர் நாடக ஆசிரியரானார். ஸ்காட்லாந்தின் அரசி மேரி தலை வெட்டப்பட்ட கதையை 1987இல் அவர் நாடகமாக எழுதினார். தெய்வத்தன்மை வாய்ந்த தியாகியாகவோ தீயவளாகவோ மட்டும் பேசப்பட்ட மேரியை, அதிகாரத்துக்கும் திருமணத்துக்கும் நடுவில் அகப்பட்ட இளம்பெண்ணாக அதில் காட்டினார். கதையை எடுத்துரைக்க ஒரு காக்கையைக் கட்டியங்காரன் போல் நிறுத்தினார். ஆங்கில அவைமொழியோடு ஸ்காட்லாந்து மக்களின் வழக்கு மொழியையும் மேடையில் ஒலிக்கச் செய்தார். 2011 முதல் 2016 வரை அந்நாட்டின் தேசியக் கவிஞராகவும் அவர் விளங்கினார்.

லாக்ஹெட்டும் இன்குலாபும் ஒருவரையொருவர் அறிந்து எழுதியவர் அல்லர். எனினும் இருவரும் கண்ட உண்மை ஒன்றே: ஒரு பெண்ணைச் சிலையாக்குவது அவளை மதிப்பதாகாது, அவளைப் பேசாமலிருக்கச் செய்யும் வழியாகவும் அது அமையலாம். வேறுபாடும் உண்டு. ஸ்காட்லாந்து தன் நாடக ஆசிரியரைத் தேசியக் கவிஞராக அமர்த்தியது. நம் நாடக ஆசிரியரோ, ஈழப் போரின் கொடுமையைக் கண்டித்து, அரசு தந்த கலைமாமணி விருதையே திருப்பித் தந்தார்.

மணிமேகலையும் குறிஞ்சிப் பாட்டும்

ஔவைக்குப் பின்னரும் இன்குலாப் பழந்தமிழை விடவில்லை. அடுத்து மணிமேகலையைக் கையிலெடுத்தார். முப்பது காதைகள் கொண்ட அக்காப்பியத்தின் தலைவி, குலத்தொழில் என்று தனக்கு வகுக்கப்பட்டதை மறுப்பவள். அரசகுமாரனின் விருப்பத்தை மறுப்பவள். அமுதசுரபியோடு பசித்தவரைத் தேடிச் செல்பவள். சிறைக்கோட்டத்தை அறக்கோட்டமாக மாற்றுபவள். பசியையும் அதிகாரத்தையும் ஒருங்கே எண்ணிய ஒரு மார்க்சியக் கவிஞர் இக்காப்பியத்துக்கு வந்தது இயல்பேயாகும். கபிலரின் குறிஞ்சிப்பாட்டோ 261 அடிகளில் 99 மலர்களை அடுக்கிக் காட்டுவது. நாம் தேர்வுக்காக எண்ணிக்கையை மட்டும் மனப்பாடம் செய்த நூல் அது. அப்பெயரையே தம் நாடகத்துக்கும் அவர் வைத்தார்.

பாணர், விறலியர், கணிகையர் மகள், மலைவாழ் மக்கள் என்று அவர் மேடைக்கு அழைத்தவர்களை வரிசையாக நிறுத்திப் பார்த்தால், தமிழ் இலக்கியம் யாரைக் கொண்டு உருவாயிற்றோ அவர்களே வந்து நிற்பதைக் காண்கிறோம். பிற்காலத் தமிழ்ச் சமூகம் யாரைப் புறந்தள்ளியதோ அவர்களும் இவர்களே. இலக்கியப் பெருமை பேசும் அவைகளுக்கு இது உவப்பாக இருந்திருக்க முடியாது. பழைமையை முற்றாக வெறுத்து ஒதுக்குவது எளிது. போற்றி வணங்குவதும் எளிது. அதற்குள் இறங்கி, அங்கே உழைத்துக்கொண்டிருந்தவர்களை வெளியே அழைத்துவருவது அரிது. இன்குலாப் அரியதைச் செய்தார்.

நிறைவாக

2016 டிசம்பர் 1ஆம் நாள் இன்குலாப் மறைந்தார். அவர் விருப்பப்படி உடல் மருத்துவக் கல்லூரிக்குக் கொடையாக அளிக்கப்பட்டது. 'காந்தள் நாட்கள்' என்னும் அவர் கவிதைத் தொகுப்புக்கு 2017ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதெமி விருது அறிவிக்கப்பட்டபொழுது, குடும்பத்தார் அதனை ஏற்க மறுத்தனர். வாழ்ந்தபொழுது ஏற்றிருக்கமாட்டாத ஒன்றை மறைந்தபின் அவர்மேல் சூட்ட அவர்கள் உடன்படவில்லை. அறம் சார்ந்த பிடிவாதம் ஒரு தலைமுறையோடு முடிவதில்லை என்பதை அம்மறுப்பு காட்டிற்று.

நாடக ஆசிரியருக்கு நேரும் மறதி கவிஞருக்கு நேர்வதினும் கொடியது. கவிதை நூலைத் திறந்தால் கவிதை முழுதாக அங்கே இருக்கிறது. நாடக நூலைத் திறந்தாலோ பாதி நாடகமே உள்ளது. மறுபாதி நடிப்பவரின் உடலிலும் பார்ப்பவரின் மூச்சிலும் உள்ளது. மேடையேற்றுவார் இல்லையெனில், இன்குலாப் மீட்டுத் தந்த ஔவை மீண்டும் நூலுக்குள் சென்று, மெல்ல மெல்லப் பாட்டியாகிவிடுவார்.

நம் வட்டத்தின் பத்தாண்டு வருகைப் பதிவேட்டை இம்மலருக்காகப் புரட்டினேன். தொடக்க ஆண்டில் பெண்கள் மூவர். இன்று பதினொருவர். எட்டு மணி அடித்தால் வீட்டுக்குச் செல்ல வேண்டியவர்கள். சிலர் கூட்டத்துக்கு வருவதையே வீட்டில் வேறு காரணம் சொல்லி வருபவர்கள். அவர்கள் எழுதும் கவிதைகளை அவர்களுக்காக ஆண் நண்பர்கள் வாசித்த மாலைகளும் உண்டு. வயது ஏறட்டும், பிள்ளைகள் வளரட்டும், அதன்பின் தைரியமாக வரலாம் என்று அவர்களுள் ஒருவர் என்னிடம் கூறினார். பிள்ளையாரிடம் முதுமை வேண்டிய பழைய ஔவையின் குரலையே அச்சொற்களில் நான் கேட்டேன்.

ஆதலின் ஒரு வேண்டுகோளோடு முடிக்கிறேன். இப்பத்தாண்டுகள் நாம் கவிதை வாசித்தோம். பதினோராம் ஆண்டில் இன்குலாபின் ஔவையை நம் மாடியறையில், வேடமும் விளக்குமின்றி, வாசிப்பு நாடகமாகவேனும் அரங்கேற்றுவோம். ஔவையின் பகுதியை நம் பதினொரு பெண்களும் மாறி மாறி வாசிக்கட்டும். நடுவில் சரக்கு ரயில் வரும், வரட்டும். கடைசிப் பெட்டி கடந்த பின்னர், நிறுத்திய இடத்திலிருந்து ஔவை தொடர்ந்து பேசுவார்.

அன்று கேள்வி கேட்ட அம்மாணவி இப்பொழுது எங்கே இருக்கிறாளோ, அறியேன். அவளுக்கு நான் தர வேண்டிய விடை இதுதான்: ஆம் அம்மா, ஔவை கள்ளுண்டார். ஆனால் அவர் பாட்டி அல்லர். ஏறத்தாழ உன் வயதுதான்.